கல்யாண வீட்டு வாழ்த்துப் புத்தகம்

ராத்தாவின் கல்யாணத்துக்கென்று கொழும்பிலிருந்து வாங்கி வந்த வாழ்த்துப் புத்தகம் எங்கள் வீட்டு அலுமாரியில் இன்னும் புதுக்கருக்குக் குலையாமல் இருக்கிறது. வெல்வெட் அட்டை, பொன்னிற எழுத்து, 120 பக்கங்கள். அவற்றில் எழுதப்பட்டவை 31. எழுதியவர்களில் அநேகர் பெயரையும் ஊரையும் போட்டு, கீழே "பாரகல்லாஹ்" என்று ஒரு சொல்லோடு முடித்திருந்தார்கள். ஒருவர் தமது கடையின் தொலைபேசி இலக்கத்தையும் எழுதியிருந்தார். நடுவில் ஒரு பக்கம் முழுக்க ஒரு பூனை. யாருடைய பிள்ளை வரைந்ததென்று தெரியாது. உண்மையைச் சொன்னால், அந்தப் புத்தகத்தில் எனக்குப் பிடித்த பக்கம் அதுதான்.

கல்யாணம் முடிந்து ஐந்தாம் மாதம் மூத்தம்மா மௌத்தானார். உம்மாவின் தாயாரை நாங்கள் மூத்தம்மா என்றுதான் கூப்பிடுவோம். அதற்குப் பிறகு ஒரு நாள் ராத்தா அந்தப் புத்தகத்தை எடுத்து, முதற் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை புரட்டிப் பார்த்தார். மூத்தம்மாவின் பெயர் இல்லை. உம்மா, சாச்சி, மாமிமார், கூடப் படித்த தோழிகள் என்று ஒரு பெண்ணின் பெயரும் இல்லை. காரணம் மிகச் சாதாரணமானது. புத்தகம் வைத்த மேசை மண்டபத்தின் முன்வாசலில், ஆண்கள் பக்கம் இருந்தது. பெண்கள் பக்கத்து வாசலால் வந்து, சாப்பிட்டு, அதே வாசலால் போய்விட்டார்கள். இது எங்கள் யாருக்கும் அன்றைக்குத் தோன்றவே இல்லை.

இந்த வருடம் சாச்சியின் மகளுக்குக் கல்யாணம் வந்தபோது, "வாழ்த்துப் புத்தகம் என் பொறுப்பு" என்று நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். அதில் சில காரியங்கள் நன்றாக நடந்தன, சில படுதோல்வி. தோழியரில் பலருக்கு வீட்டில் ராத்தாமார் இருப்பார்கள். பெற்றோரும் இந்த மலரை வாசிப்பீர்கள். ஆகவே என் அனுபவத்தை இங்கே எழுதி வைக்கிறேன்.

கல்யாணத்துக்கு வந்தவர்களை எழுத்தில் பதிந்து வைப்பது எத்தனையோ சமூகங்களில் உண்டு. ஜப்பானில் வரவேற்பு மேசையில் ஒரு பதிவேடு இருக்கும். விருந்தாளி தம் பெயரையும் முகவரியையும் எழுதி, பணம் வைத்த உறையைக் கொடுத்துவிட்டு உள்ளே போவார். சீனரின் கல்யாணங்களில் சிவப்புத் துணியில் விருந்தாளிகள் கையொப்பமிடும் வழக்கம் உண்டு. குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவினரிடம் ஓர் அழகான முறை இருக்கிறது. மணமக்கள் கையொப்பமிட்ட சான்றிதழிலேயே அங்கு வந்திருக்கும் எல்லோரும் சாட்சிகளாகக் கையொப்பமிடுவார்கள். நம்மவரிடம் வாழ்த்து மடல் இருந்தது. தோழர்கள் கவிதை எழுதி, அச்சடித்து, சட்டமிட்டு, சபையில் வாசித்துக் கையளிப்பார்கள். வாப்பாவுக்குக் கிடைத்த மடல் ஒன்றில் அவரைச் சந்திரனோடு ஒப்பிட்டிருந்ததாம். உம்மா இன்றைக்கும் அதைச் சொல்லிச் சிரிப்பார். இவை எல்லாவற்றையும்விட ஒழுங்காக எழுதப்படுவது, யார் எவ்வளவு கொடுத்தார் என்ற கொப்பி. அதில் மட்டும் ஒரு பெயரும் விடுபடுவதில்லை.

குவேக்கர் முறையைப் பற்றி வாசித்தபோது நம்முடைய பதிவு எப்படி என்று அறிய விரும்பினேன். 1951 ஆம் ஆண்டின் 13 ஆம் இலக்க முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்தில், மாப்பிள்ளையும் மணமகளின் வலியும் கையொப்பமிடுமாறு இருக்கிறது. மணமகளின் கையொப்பத்தை அந்தச் சட்டம் கட்டாயமாக்கவில்லை. ஆகவே ஒரு மணமகள் தன் கல்யாண நாளில் எங்கேயும் ஒரு கையெழுத்துக்கூட வைக்காமல் வீடு போய்ச் சேரலாம். ராத்தா அப்படித்தான் போனார். சட்டத்தைப் பற்றிப் பெரியவர்கள் பேசட்டும். வாழ்த்துப் புத்தகத்தின் முதற் பக்கத்தை மணமகளுக்கு விடுவதற்கு யாருடைய அனுமதியும் தேவையில்லை. சாச்சியின் மகளிடம் மருதோன்றி இரவுக்கு முன்பே ஓர் அட்டையைக் கொடுத்து, "இன்றைக்கு உங்கள் மனதில் என்ன இருக்கிறதோ அதை எழுதுங்கள்" என்றேன். இரண்டு பக்கமும் நிறைய எழுதி, உறையிலிட்டு ஒட்டித் தந்தார். அதில் என்ன இருக்கிறதென்று எனக்குத் தெரியாது. அது முதலாவதாக இருக்கிறது, அவ்வளவுதான்.

இனி வேலைக்கு வருவோம். முதலில் ஒரு சின்னக் கணக்கு. பெண்கள் பக்கம் 300 பேர் வருகிறார்கள், ஒருவர் எழுத இரண்டு நிமிடம் எடுக்கிறார் என்று வைப்போம். ஒரே ஒரு புத்தகம் இருந்தால் 600 நிமிடம், அதாவது 10 மணித்தியாலம் வேண்டும். கல்யாண வீட்டில் கிடைப்பதோ இரண்டு மணித்தியாலம். பின்னால் நாலு பேர் காத்து நிற்கும்போது யாருக்கும் பெயருக்கு மேல் எழுத மனம் வராது. ராத்தாவின் புத்தகம் வெறுமையாகப் போனதற்கு வாசல் ஒரு காரணம் என்றால் இது இன்னொன்று.

ஆகவே புத்தகத்தை விட்டுவிட்டு அட்டைகளுக்குப் போனேன். கொஞ்சம் தடித்த ஏ4 தாள் 75 வாங்கி, ஒவ்வொன்றையும் நாலாக வெட்டினால் 300 அட்டைகள். இடது ஓரத்தில் இரண்டு துளை போட்டு வைத்தேன். கல்யாணத்துக்குப் பிறகு எல்லாவற்றையும் அடுக்கி நாடா கோர்த்தால் அதுவே புத்தகம். வெல்வெட் புத்தகத்தின் விலையில் கால் பங்குகூட ஆகவில்லை. அட்டைகளை வாசலில் வைக்கவில்லை. பெண்கள் நெடுநேரம் சும்மா இருக்கும் இடங்கள் இரண்டு. ஒன்று மணமகளின் அறை, மற்றது சஹன் வரும்வரை காத்திருக்கும் கதிரைகள். என் தங்கையும் அவளுடைய இரண்டு தோழிகளும் சின்னக் கூடைகளில் அட்டையும் பேனையும் எடுத்துக்கொண்டு கதிரை கதிரையாகப் போனார்கள். பத்து வயதுப் பிள்ளை முன்னால் நின்று கேட்டால் பெரியவர்கள் மறுப்பதில்லை.

நிரம்பிய அட்டைகளைச் சேர்க்க மூடியுள்ள பெட்டி ஒன்று கட்டாயம் வேண்டும். துஆவும் அல்லாஹ்வின் பெயரும் எழுதப்பட்ட அட்டை தரையில் விழுந்து காலில் மிதிபடுவது யாருக்கும் பொறுக்காது.

அட்டையில் என்ன அச்சிடுவது என்பதில்தான் எல்லாம் தங்கியிருக்கிறது. வெறும் தாளைக் கொடுத்து "வாழ்த்து எழுதுங்கள்" என்றால், பரீட்சை மண்டபத்தில் கட்டுரை எழுதச் சொன்ன மாதிரி எல்லோரும் விறைத்துப் போவார்கள். அல்லது எல்லோருக்கும் பாடமான ஒரே வரி வரும். ஒரு கேள்வி கேட்டால் கதை வேறு. நான் நாலு விதமான அட்டைகள் தயாரித்தேன். "மணமகளைச் சின்னப் பிள்ளையாகக் கண்ட ஒரு நாளைச் சொல்லுங்கள்." "உங்கள் கல்யாணத்தன்று நடந்த, யாருக்கும் சொல்லாத ஒரு காரியம்?" "வீட்டில் கோபம் வந்தால் நீங்கள் என்ன செய்வீர்கள்?" நாலாவது ஒரு சமையற் குறிப்பு: "உங்கள் கையால் செய்து பேர் வாங்கிய ஒரு கறி அல்லது பணியாரம், அளவோடு."

கோபத்தைப் பற்றிய கேள்விக்கு வந்த பதில்கள் ஒரு தனிப் புத்தகம். ஒருவர், "கொல்லைக்குப் போய் தென்னங்கன்றுக்குத் தண்ணி ஊத்துவேன், எங்கட தென்னை அதனாலதான் நல்லா காய்க்குது" என்று எழுதியிருந்தார். சமையற் குறிப்பில் வட்டிலாப்பம் மட்டும் ஒன்பது வந்தது. முட்டை எத்தனை என்பதில் ஒன்பது பேரும் ஒன்பது விதம். அளவோடு எழுதுங்கள் என்று அச்சிட்டும், "கையளவு", "பார்த்துப் போடவும்" என்றுதான் பலர் எழுதியிருக்கிறார்கள். அதையும் அப்படியே வைத்திருக்கிறோம்.

எழுதுவதற்குத் தயங்குபவர்களுக்குக் குரல் இருக்கிறது. வெளிநாடுகளில் பழைய காலத்துத் தொலைபேசி ஒன்றை வாடகைக்கு எடுத்து மேசையில் வைக்கிறார்கள். கைபிடியை எடுத்துப் பேசினால் வாழ்த்துப் பதிவாகும். நமக்கு அது வேண்டியதில்லை. ஒரு கைத்தொலைபேசியை அழைப்பு வராதபடி மாற்றி, மணமகளின் அறைக்குப் பக்கத்தில் சத்தமில்லாத ஓர் அறையில் வைத்தால் போதும். பேசுபவரின் வாயிலிருந்து ஒரு சாண் தூரம், மின்விசிறி நிறுத்தப்பட்டிருக்க வேண்டும். ஒவ்வொரு பதிவையும் அந்த நிமிடமே பெயர் போட்டுச் சேமிக்க வேண்டும். பிறகு செய்யலாம் என்று விட்டால் யார் குரல் யாருடையதென்று தெரியாமல் போகும். இரண்டு பதிவுகளுக்கு எனக்கு அது நடந்தது.

எங்கள் கிழக்கில் இதற்கு ஒரு தனிச் சிறப்பும் உண்டு. வயலிலும் பாய் இழைக்கும் திண்ணையிலும் கவி சொல்லிப் பழகிய பெண்களின் தலைமுறை இன்னும் முழுதாக மறையவில்லை. பேனையைக் கொடுத்தால் "எனக்கு என்னகா தெரியும்" என்று ஒதுங்கிய ஒருவர், தொலைபேசியின் முன்னால் மணமகளின் பெயரை வைத்து நாலு கவி நிறுத்தாமல் சொன்னார். கடைசியில் எல்லோருமாகக் குரவை போட்டார்கள். பதிவில் அந்த இடம் கொஞ்சம் இரைகிறது. இருந்தாலும் அந்தப் பதிவைத்தான் வீட்டில் அடிக்கடி போட்டுக் கேட்கிறோம்.

துணியும் நல்லதுதான், பொறுமை இருந்தால். மருதமுனைக் கைத்தறிப் பருத்தித் துணி இரண்டு யார் வாங்கி, முதலில் ஒரு தடவை கழுவிக் கஞ்சியைப் போக்கினோம். கழுவாமல் தைத்தால் பிறகு துணி சுருங்கி, தைத்த பெயரெல்லாம் கோணும். தோழிகள் 40 பேர் பென்சிலால் பெயர் எழுதினார்கள். அதன்மேல் சாயம் போகாத நூலால் சங்கிலித் தையல் போட வேண்டும். ஒரு பெயருக்கு அரை மணித்தியாலம் பிடிக்கிறது. இதுவரை 22 பெயர்கள் முடிந்திருக்கின்றன. பரீட்சைக்குப் பிறகு மிச்சம்.

போட்டோவைப் பற்றி ஒரு வார்த்தை. எடுத்தவுடன் படம் வெளியே வரும் கமராக்கள் இப்போது பிரபலம். படத்தை ஒட்டிப் பக்கத்தில் எழுதுவார்கள். பெட்டி ஒன்றுக்குப் பத்துப் படம்தான், விலையும் அதிகம். அதைவிட முக்கியம், நம் பெண்களில் பலர் தம் படம் இன்னொரு வீட்டு அல்பத்தில் இருப்பதை விரும்புவதில்லை. கேட்டால் முகத்துக்காகச் சம்மதிப்பார்கள், மனதுக்குள் சங்கடப்படுவார்கள். நான் அதை வேண்டாமென்று விட்டேன். கல்லில் எழுதுவது, மரக்கட்டையில் எழுதுவது, பூகோள உருண்டையில் கையொப்பமிடுவது என்றும் பல யோசனைகள் இருக்கின்றன. பார்க்க அழகாகத்தான் இருக்கும். ஆனால் வீடு மாறும்போது ஒரு சாக்குக் கல்லை யார் தூக்கிக்கொண்டு போவது?

இப்போது என் தோல்வி. இலையில்லாத மரமொன்றைப் பெரிய தாளில் வரைந்து, வருபவர்கள் விரலை மையில் தோய்த்து இலையாகப் பதிக்கும் முறையைப் பற்றிக் கேள்விப்பட்டிருந்தேன். அழகான யோசனை என்று இரண்டு நாள் இருந்து மரம் வரைந்தேன். முதற் பிழை, கை மையோடு சஹனில் உட்கார முடியாது என்பதை யோசிக்காதது. இரண்டாவது பிழை பெரியது. உம்மாவுக்கும் சாச்சிக்கும் மாமி முறையான ஒருவர் இருக்கிறார். எண்பது வயதைத் தாண்டியவர். பெரிய மாமி என்போம். மையை நீட்டி, "மாமி, இதில விரல வெச்சுப் பதிங்க" என்றேன். அவர் கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டார்.

"நான் என்ன கைநாட்டா மகள்?" என்றார்.

அந்த ஒரு கேள்வியில் எனக்கு வியர்த்துவிட்டது. எழுதத் தெரியாதவர் என்று ஒருவரைச் சபையில் காட்டும் அடையாளம் அது. காணி உறுதியிலும் கந்தோரிலும் விரல் பதித்து அவமானப்பட்டவர்கள் இருக்கும் ஊரில், அதை விளையாட்டாகக் கொண்டுபோய் நீட்டியிருக்கிறேன். மன்னிப்புக் கேட்டேன். அவர், "அந்த அட்டையையும் பேனையையும் தா" என்றார். மூலைக் கதிரைக்குப் போய், சாப்பாடு வந்ததையும் கவனிக்காமல் எழுதினார். பெட்டியில் போடும்போதுதான் பார்த்தேன். வலமிருந்து இடமாக இருந்தது. அரபு என்று நினைத்தேன்.

அது அரபுத் தமிழ். தமிழை அரபு எழுத்தில் எழுதும் முறை. அரபியில் இல்லாத தமிழ் ஒலிகளுக்காக, இருக்கும் எழுத்துகளோடு புள்ளிகளும் குறிகளும் சேர்த்து நம் முன்னோர் பயன்படுத்தியது. பள்ளிக்கூடம் போக முடியாமல் ஓதும் இடத்தில் மட்டும் படித்த பெண்களில் பலர் இந்த எழுத்தில் வாசித்தார்கள், கடிதமும் எழுதினார்கள். எங்கள் வீட்டில் ஐந்து பேர் குர்ஆன் ஓதுவோம். எழுத்துகளைச் சத்தம் போட்டுக் கூட்டிப் பார்த்தோம். அங்கொன்று இங்கொன்றாகத் தமிழ்ச் சொல் கேட்டது, வசனம் பிடிபடவில்லை. கடைசியில் சாச்சா தமக்குச் சிறு வயதில் ஓதிக் கொடுத்த வயதான ஆலிமிடம் அட்டையைக் கொண்டுபோனார். சாச்சியும் நானும் கூடப் போனோம். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மெதுவாக வாசித்தார்.

மணமகளுக்கு ஒரு வரி துஆ. மீதி எல்லாம் சாச்சிக்கு. 27 வருடங்களுக்கு முன்பு சாச்சியின் கல்யாணத்துக்குப் பெரிய மாமி வரவில்லை. வேலி எல்லை பற்றிய ஒரு சண்டை. அன்றைக்குத் தன் வீட்டு முற்றத்தில் நின்று குரவைச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்ததாகவும், மணமகளுக்கென்று வாங்கி வைத்த சேலையை யாருக்கும் கொடுக்காமல் வைத்திருந்ததாகவும், அதைக் கடல் கொண்டுபோனதாகவும், மாப்புத் தரும்படியும் எழுதியிருந்தார். ஆலிம் வாசித்து முடித்து அட்டையைத் திருப்பித் தந்தார். சாச்சி ஒன்றும் பேசவில்லை. வரும் வழியில், "நீங்க வீட்ட போங்க" என்று எங்களை அனுப்பிவிட்டு, முச்சக்கர வண்டியைப் பெரிய மாமியின் வீட்டுப் பக்கம் திருப்பச் சொன்னார். மஃரிபுக்குப் பிறகுதான் திரும்பி வந்தார். (இருவரிடமும் அனுமதி கேட்டே இதை எழுதுகிறேன். பெரிய மாமி, "என்ட பேரப் போடாத, மத்ததப் போடு" என்றார்.)

கடல் கொண்டுபோனது என்றதும் இன்னொன்றைச் சொல்ல வேண்டும். 2004 டிசம்பர் 26 இல் எங்கள் கரையோரத்தில் எத்தனையோ வீடுகளின் கல்யாண அல்பங்கள் போயின. உம்மாவின் அல்பமும் சாச்சியின் அல்பமும் அவற்றில் அடங்கும். வாழ்த்து அட்டைகள் எவ்வளவு நல்லதானாலும் ஒரே பிரதியாக ஒரே வீட்டில் இருக்கக் கூடாது. நாடா கோர்க்கும் முன்பே ஒவ்வோர் அட்டையையும் இரு பக்கமும் பகல் வெளிச்சத்தில் படமெடுத்தேன். குரல் பதிவுகளையும் சேர்த்து ஒரு பிரதி எங்களிடம், ஒன்று கொழும்பில் மாமாவிடம், ஒன்று கட்டாரில் நானாவிடம் இருக்கிறது. எழுதுவதற்கு எண்ணெய்த் தன்மையுள்ள சாதாரணக் குமிழ்முனைப் பேனை நல்லது. மினுங்கும் வர்ணப் பேனைகளில் பல ஒரு துளித் தண்ணீர் பட்டாலே கரைந்துவிடும். பென்சிலைக் குறைவாக நினைக்காதீர்கள். அது வெயிலிலும் மங்காது, தண்ணீரிலும் கரையாது. ஒட்டும் நாடாவை அட்டையில் எங்கும் ஒட்டாதீர்கள். சில வருடங்களில் அது மஞ்சளாகிக் கறை விடும். கடற்கரை ஈரத்தில் பிளாஸ்டிக் பையில் இறுகக் கட்டி வைத்தால் பூஞ்சணம் பிடிக்கும். பருத்தித் துணியில் சுற்றி, சுவரோடு ஒட்டாத அலுமாரித் தட்டில் வைத்து, மாதத்துக்கொரு தடவை எடுத்துப் புரட்டுவது நல்லது. புரட்டினால் வாசிக்கவும் செய்வீர்கள்.

மொத்தம் 143 அட்டைகள் கிடைத்தன. ஆண்கள் பக்கத்துக்கும் ஒரு கூடை அனுப்பியிருந்தேன். அதிலிருந்து 19 வந்தன. அவற்றில் கறி அளவு எழுதியவர் ஒருவர்தான், அவர் சமையற்காரர்.

ராத்தாவின் வெல்வெட் புத்தகத்தில் மிச்சமிருந்த 89 பக்கங்கள் இப்போது நிரம்பத் தொடங்கியிருக்கின்றன. கல்யாணம் முடிந்தால் வாழ்த்து எழுதக் கூடாதென்று ஒரு சட்டமும் இல்லையே. வெள்ளிக்கிழமைகளில் அஸருக்குப் பின் ராத்தா புத்தகத்தை எடுத்துக்கொண்டு ஒவ்வொரு வீடாகப் போகிறார். எழுதத் தெரிந்தவர்கள் எழுதுகிறார்கள், மற்றவர்கள் சொல்லச் சொல்ல நான் எழுதுகிறேன். சென்ற கிழமை பெரிய மாமியின் வீட்டுக்குப் போனோம். பேனையை வாங்கி, "உங்கட மூத்தம்மா இருந்திருந்தா என்ன சொல்லியிருப்பா எண்டு எழுதட்டா?" என்று கேட்டார். ராத்தா தலையாட்டினார். இரண்டு பக்கம் எழுதியிருக்கிறார். ஆலிம் ஊரில் இல்லை, அடுத்த கிழமைதான் வருவார்.